காணாமப் போன ஃபைலும் ஒரே ஒரு பேனரும்

கம்ப்யூட்டர் சர்வீஸ் தொழில்ல, மெஷின் செத்துப் போச்சுன்னு கூப்பிடுறவங்களைவிட, "ஏதோ ஃபைல் காணோம்னு சொல்லுது, நான் ஒண்ணுமே பண்ணல"ன்னு கூப்பிடுறவங்கதான் ஜாஸ்தி. அந்த ரெண்டாவது பாதி எப்பவுமே பொய். டிஎல்எல் இல்லைன்னு ஒரு சின்னப் பெட்டி வந்து உங்க உயிரையும் வாங்கியிருந்தா, நீங்க நம்ம ஆளு.

டிஎல்எல்னா பெரிய ரகசியம் ஒண்ணும் கிடையாது, பல சாஃப்ட்வேர் பொதுவா உபயோகிக்கிற ஒரு ஃபைல். கூட்டுக்குடும்பத்து கிரைண்டர் மாதிரி. வீட்டுல இருக்குற அத்தனை மருமகளும் அதுலதான் மாவாட்டணும். ஒருத்தி தனிக்குடித்தனம் போறப்போ அதைத் தூக்கிட்டுப் போயிட்டா, மறுநாள் காலைல யாருக்கும் இட்லி இல்ல.

வீட்டுக்குள்ளயே

சிதம்பரத்துல ஒரு ஜோசியர். ஜாதகம் கணிக்கிற சாஃப்ட்வேர் திடீர்னு திறக்கல, ஃபைல் காணோம்னு சொல்லுது. நான் போய்ச் சேர்றதுக்குள்ள அவரே சோழி போட்டுப் பார்த்து வெச்சிருந்தார். பொருள் களவு போகல, கட்டுக்காவல்ல இருக்குன்னார். சரிங்க ஐயான்னு உக்காந்தேன்.

பார்த்தா, புதுசா போட்ட ஆன்டிவைரஸ் அந்த ஃபைலைத் திருடன்னு நெனச்சு உள்ளயே பூட்டி வெச்சிருக்கு. வெளியே விட்டேன், ஜாதகம் திறந்துடுச்சு. அவர் விபூதிய எடுத்து நீட்டிட்டு சொன்னார்: "எதுக்கும் முதல்ல என்னைக் கேட்டுட்டு அப்புறம் ரிப்பேர் பண்ணுங்க தம்பி."

இடத்தை அடைக்குது

திருப்பாதிரிப்புலியூர்ல அமுதா அக்கா ஃபிளக்ஸ் பேனர் கடை வெச்சிருக்காங்க. ஒரு நாள் காலைல போன். "தம்பி, டிசைன் போடுற சாஃப்ட்வேர் திறக்கல. சாவு பேனர். சாயந்திரம் எடுக்குறாங்க, சீக்கிரம் வா."

போனேன். அக்காவோட தம்பி பிரபு நகத்தைக் கடிச்சிட்டு நின்னான். இடத்தை அடைக்குதுன்னு பழைய கேம் ஒண்ணை நீக்கியிருக்கான். இந்த ஃபைலை வேற சாஃப்ட்வேரும் உபயோகிக்கலாம், இதையும் அழிக்கவான்னு கம்ப்யூட்டர் மரியாதையாத்தான் கேட்டிருக்கு. ஏண்டா ஆமான்னு அமுக்குனேன்னு கேட்டேன். "அது கேட்டுச்சு மச்சான், இல்லன்னு சொல்ல மனசு வரல."

நெட்ல வந்த விருந்தாளி

அதோட விட்டானா? நான் வர்றதுக்குள்ள நெட்ல தேடி, அதே பேர்ல ஒரு ஃபைலை இறக்கிப் போட்டிருக்கான். அது தனியா வரல, சொந்தபந்தத்தோட வந்திருக்கு. எதைத் தொட்டாலும் சூதாட்ட விளம்பரம். கண்ட இடத்துல ஃபைல் எடுக்காதே, அதைச் செஞ்ச கம்பெனிகிட்டேயே முழுத் தொகுப்பா வாங்கிப் போடணும்னு தலைதலையா அடிச்சிக்கிட்டேன். முதல்ல குப்பையைக் கூட்டணும், அப்புறம்தான் தொகுப்பு. மத்தியானம் தாண்டிடுச்சு. பிரபு அப்பவும் அசரல: "இலவசம்னு பச்சைக் கலர்ல போட்டிருந்தான் மச்சான், நல்லவன்னு நெனச்சேன்."

ஒரே படம்

கடை வாசல்ல மேல்பட்டாம்பாக்கத்துக்காரங்க ரெண்டு பேர், ஆளுக்கொரு மூலையில நின்னாங்க. செத்தவரோட பிள்ளைங்க. பாகம் பிரிச்சதுலேர்ந்து பேச்சுவார்த்தை இல்லையாம். அதனால ஒரே அப்பாவுக்கு ரெண்டு பேனர். அதுல அண்ணன் குடும்பத்துப் பேரு மட்டும், இதுல தம்பி குடும்பத்துப் பேரு மட்டும்.

ஒண்ணு அடிக்கத்தான் நேரமிருக்குன்னு அக்கா சொன்னாங்க. "நான் மூத்தவன்"னார் அண்ணன். "கடைசிவரைக்கும் கஞ்சி ஊத்துனது நானு"ன்னார் தம்பி. அந்த நேரம் பார்த்து சாஃப்ட்வேர் திறந்துடுச்சு. அக்கா படத்தை ஏத்துனாங்க, திரை முழுக்க அவங்கப்பா. வெள்ளைச் சட்டையில, ஏதோ சொல்ல வந்த மாதிரி. ரெண்டு பேரும் குடுத்திருந்தது ஒரே படம்தான். அண்ணன் துண்டால மூஞ்சியைத் துடைச்சிக்கிட்டு, "ஒண்ணே போடும்மா, எல்லார் பேரையும் போடு"ன்னார்.

தம்பி கொஞ்ச நேரம் படத்தையே பார்த்தார். அப்புறம் அண்ணனைப் பார்க்காம அக்காகிட்ட சொன்னார்: "பக்கத்துப் பக்கத்துல போடுங்க. மேல கீழ வேணாம்."

இத்தனை வருஷத்துல எனக்குத் தெரிஞ்சது இவ்வளவுதாங்க: பொதுவா இருக்குறது யாருக்கெல்லாம் வேணும்னு, அது காணாமப் போனாத்தான் கணக்குத் தெரியுது.