சந்தனத்துக்குக் கரையாத பெயிண்ட்

அடுப்பை அணைத்தோமா என்று பாதி வழியில் வீட்டுக்குத் திரும்புகிற ஆள் நான். என்னிடம் போய் இந்த வேலையைக் கொடுத்திருக்கக் கூடாது.

2006-இல் மரக்காணத்துப் பள்ளி ஒன்றில் ஓவிய ஆசிரியையாகச் சேர்ந்த புதிது. அங்கே சத்துணவு சமைக்கிற அக்கா ஒருநாள் தன் ரேஷன் கார்டை என் மேஜை மேல் வைத்தார். உப்பளத்தில் வேலை செய்த அவர் கணவர், நான் இந்த ஊருக்கு வருவதற்கு முன்பே இறந்துவிட்டார். அவர் முகம் இருந்த ஒரே போட்டோ அந்தக் கார்டில்தான். அதிலும் கன்னத்துக்குக் குறுக்கே ஆபீஸ் சீல்.

"பெரிசு பண்ணா சீலும் பெரிசாவுமாம், ஸ்டுடியோவுல சொல்லிட்டாங்க. நீங்க வரைஞ்சு குடுங்க டீச்சர். மொத தெவசத்துக்கு இன்னும் பன்னெண்டு நாளு இருக்குது."

கேன்வாஸில் ஆயில் பெயிண்ட்தான் எனக்குப் பழக்கம். ஆரம்பித்தேன். உப்பளத்துப் பக்கம் வாடகை வீடு, கடற்காற்றின் ஈரம் வேறு. நான்காம் நாளும் படத்தின் நெற்றி பிசுபிசுவென்று விரலில் ஒட்டியது. அந்த நெற்றியில் அக்கா சந்தனம் வைப்பார், குங்குமம் வைப்பார். காயாத முகத்தை எப்படிக் கொடுப்பது?

பிள்ளைகளின் போஸ்டர் கலர் சீக்கிரம் காயும். ஒரு துண்டுத் துணியில் பூசிக் காயவைத்து, சந்தனத்தைக் குழைத்து வைத்துப் பார்த்தேன். துடைத்தபோது சந்தனத்தோடு கலரும் வந்துவிட்டது. எல்லார் முன்னாலும் அவர் நெற்றி வழிவதை நினைத்தாலே சோறு இறங்கவில்லை.

சனிக்கிழமை பஸ் ஏறிப் புதுச்சேரி போனேன். "தண்ணி பட்டா கரையக் கூடாது, ஒரே நாள்ல காயணும்" என்றேன். கடைக்காரர் அக்ரிலிக் ட்யூப்களை எடுத்து வைத்தார். "காஞ்சிட்டா ரப்பர் மாதிரிங்க. எதுக்கும் போவாது." நான் தொட்டதே இல்லாத பெயிண்ட். மூக்கை முடிப்பதற்குள் தட்டில் கலந்த நிறம் காய்ந்துபோனது. புதுக் கேன்வாஸில் மூன்று முறை முகத்தை அழித்து வரைந்தேன். காய்ந்த பிறகு ஈரச் சந்தனம் வைத்தேன், துடைத்தேன், மறுபடி வைத்தேன். அசையவில்லை. தெவசத்துக்கு முந்தின நாள்தான் நிம்மதியாகத் தூங்கினேன்.

அக்கா படத்தைப் பார்த்ததும் அழுதார். "அவரேதான் டீச்சர்." சந்தனம் வைத்தார், மாலை போட்டார், படையல் போட்டுக் கற்பூரம் காட்டினார். நான் நெற்றியையே பார்த்துக்கொண்டு நின்றேன். ஒன்றும் ஆகவில்லை.

சாப்பாடு முடிந்து படத்தருகே வந்த அக்கா, புடவைத் தலைப்பால் படத்தின் கன்னத்தைத் துடைத்தார். பிறகு விரலை நனைத்துக்கொண்டு தேய்த்தார்.

"என்னமோ ஒட்டிக்கிட்டு இருக்குது. போவ மாட்டேங்குதே."

"அது மச்சம்தானேக்கா?"

"அவருக்கு ஏது மச்சம்?"

கார்டை வாங்கிப் பார்த்தேன். கன்னத்தில் மச்சம் என்று நான் நினைத்தது சீலிலிருந்து தெறித்த மைப் புள்ளி. பன்னிரண்டு நாளாகப் பெயிண்டைப் பற்றிக் கவலைப்பட்டவள், அந்த மனிதரைப் பற்றி அக்காவிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"இப்பவே போய் ட்யூப் எடுத்துட்டு வரேன்கா. மேல பூசி மறைச்சுடறேன்."

"வேணாம் டீச்சர். படையல் போட்டாச்சு. இனிமே அவரு மூஞ்சில பெயிண்ட் வெக்கக் கூடாது."

கோபமாகச் சொல்லவில்லை. கிண்ணத்தில் மிச்சமிருந்த சந்தனத்தை எடுத்து அந்தக் கன்னத்திலும் ஒரு பொட்டு வைத்தார். அதன் பிறகு அந்த வீட்டுக்கு எப்போது போனாலும் படத்தில் இரண்டு பொட்டு இருக்கும். கன்னத்துச் சந்தனம் காய்ந்து உதிர்ந்திருந்தால், அக்கா பார்ப்பதற்குள் நானே குழைத்து வைத்துவிடுவேன்.