க்ரோலி துரையின் கைத்தடி

நம்பாதவர்கள் வினோஜாவிடமே கேட்கலாம். விஞ்ஞானப் பட்டதாரி. பேய் என்றாலே சிரித்தவள். போன ஆவணிவரை.

தெல்லிப்பழைப் பக்கம் ஒரு பழைய மிஷன் மண்டபம். சுவரில் க்ரோலி துரையின் படம். நூற்றைம்பது வருடங்களுக்கு முன் அமெரிக்காவில் லோயர், சட்டசபைக்கும் போனவர். மண்டபத்தைக் கட்டப் பணம் அனுப்பியதோடு சரி, யாழ்ப்பாணத்தைக் கண்டதே இல்லை. மறுநாள் அவருடைய வம்சத்தார் வருகிறார்கள். வினோஜாதான் அவர் வாழ்க்கையைச் சொல்லவேண்டும். நன்றாகச் சொன்னால் மண்டபத்தில் அவள் பார்க்கும் தற்காலிக வேலை நிரந்தரம். நாலு பேர் முன்னால் அவளுக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும்.

அதனால் முதல்நாள் மத்தியானம் ஒத்திகை. கேட்க மண்டபத்து வேலையாள் ஜெயசுதன் மட்டும்தான். ஏணியில் நின்று படத்துக்கு மாலை கட்டிக்கொண்டிருந்தான்.

“செத்தவருக்குப் பொட்டும் வைச்சுவிடட்டோ?”

“வேண்டாம் அண்ணை. அவை வேதக்காரர்.”

படத்தில் துரையின் இரண்டு கைகளும் ஒரு தடியின் குமிழ்மேல் இருந்தன.

“க்ரோலி துரை சாந்தமானவர்” என்று தொடங்கினாள். “ஏழைகளுக்காக வழக்காடியவர். ஒருவர்மீதும் கை வைத்ததில்லை.”

“போனிலை வாசிச்சதைச் சொல்லு பிள்ளை. அதெல்லோ கதை!”

அவள் குரலைத் தாழ்த்தினாள். சட்டசபையில் ஓர் உறுப்பினர் அவரைப் பொய்யர் என்றாராம். துரை தடி முறியும்வரை அவரை அடித்தாராம். அடிபட்டவருக்கு இடது கண் போய்விட்டது. துரை தண்டப்பணம் கட்டினார். அடுத்த தேர்தலிலும் வென்றார்.

டக்.

“ஏணியைத் தட்டாதை” என்றான் ஜெயசுதன்.

அவளோ தூரத்தில், வாசலருகே நின்றாள்.

நிமிர்ந்து பார்த்தாள். தடியின்மேல் ஒரு கைதான் இருந்தது.

“வடிவான சாந்தம்!” ஜெயசுதன் படத்தின் கன்னத்தைத் தட்டினான். “பொய்க்கார லோயர்!”

டக்... டக்...

இப்போது தடியே இல்லை.

“அண்ணை, இறங்குங்கோ...”

அடி விழுந்தது. அடிப்பவர் தெரியவில்லை. சத்தம் மட்டும்... ஈரச் சாக்கை அடிப்பதுபோல். முதுகில். தோளில். ஏணி சரிந்தது. விழுந்தவன்மேலும் அடி நிற்கவில்லை.

“ஆரடா... ஆர் அடிக்கிறது...”

முகத்தில்.

இரத்தம் அவள் செருப்புவரை தெறித்தது.

அவள் வாய் திறந்தது.

“துரை சாந்தமானவர்!” என்று கத்தினாள். “ஒருவர்மீதும் கை வைத்ததில்லை!”

நின்றது.

ஆஸ்பத்திரியில் டாக்டர் அவளைத் தனியே கூப்பிட்டார். “உது ஏணியாலை விழுந்த காயமில்லை. ஆர் தடியாலை அடிச்சது?”

இடது கண்ணைக் காப்பாற்ற முடியவில்லை.

மறுநாள் வினோஜா தடுமாறாமல் பேசினாள். வந்தவர்கள் கைதட்டினார்கள். வேலை நிரந்தரமானது.

கூட்டம் போனபின், மண்டபத்தை முப்பது வருடமாகக் கூட்டும் மரியநாயகியிடம் மெல்லக் கேட்டாள்.

“அக்கா, படத்திலை துரையின்ரை கை...”

“எந்தக் கை? உது எப்பவும் நெஞ்சுவரைக்கும் தானே.”

நிமிர்ந்து பார்த்தாள். முகம். கழுத்துப்பட்டி. நெஞ்சு. அதோடு படத்தின் சட்டம்.

அந்தக் கைகள் இப்போது எங்கே இருக்கின்றன என்று அவளுக்குத் தெரியாது. அதனால் மண்டபத்துக்கு வருகிறவர்களிடம் சொல்லும் அந்தப் பேச்சில் இன்றுவரை ஒரு சொல்லையும் அவள் மாற்றியதில்லை.