ராஜகிரிக்குப் பின்னால் போன விமானம்

டிஷ், சிசிடிவி, இன்டர்நெட் என்று சிக்னல் சம்பந்தப்பட்ட எந்தத் தொழில் செய்தாலும், எல்லாம் ஒழுங்காக ஓடும்வரை நம்மை ஒருவருக்கும் ஞாபகம் இருக்காது. தூறல் விழுந்து, சீரியலில் மாமியார் வாயைத் திறக்கிற நேரமாகப் பார்த்துப் படம் உறைந்துபோனால் நீங்கள் யாரைத் திட்டுவீர்களோ, அந்த ஆள் நான்தான். செஞ்சி பஜாரில் பதினாறு வருடமாகத் திட்டு வாங்குகிறேன். சிக்னல் போனால் திட்டுகிற உங்களுக்கும் கஷ்டம், வாங்குகிற எனக்கும் கஷ்டம். அந்த உறவில்தான் இதைச் சொல்கிறேன்.

மாடியில் ஒரு குழாய்

கடை மாடியில் டிஷ்களுக்கு நடுவே கை நீளத்துக்கு ஒரு வெள்ளை பிளாஸ்டிக் குழாய் நிற்கும். அது ஆன்டெனா. மேலே போகிற விமானங்கள் தங்கள் அடையாள எண், உயரம், இருக்கும் இடம் எல்லாவற்றையும் ரேடியோவில் விடாமல் சொல்லிக்கொண்டே போகும். அதைப் பிடித்துக் கீழே கம்ப்யூட்டரில் வரைபடத்தின் மேல் புள்ளியாகக் காட்டுவது அந்தக் குழாயின் வேலை. பிடித்ததையெல்லாம் விமானங்களைப் பின்தொடரும் ஓர் இணையதளத்துக்கும் அனுப்பிவிடும். இதனால் எனக்கு எந்தப் பிரயோசனமும் இல்லை. சிலர் லவ் பேர்ட்ஸ் வளர்க்கிறார்கள், நான் இதை வளர்க்கிறேன்.

பக்கத்தில் நாட்டு மருந்துக் கடை வைத்திருப்பவர் ஒருநாள் திரையைப் பார்த்துவிட்டு இதென்ன என்று கேட்டார். கேட்க ஆள் கிடைத்த சந்தோஷத்தில் அரைமணி நேரம் விளக்கினேன். இந்தப் புள்ளி துபாய் போகிறது, அந்தப் புள்ளி கொச்சி போகிறது என்று விரல் வைத்துக் காட்டினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டவர் சொன்னார்: "அதெல்லாம் சரி. துபாய் போற பிளைட்டு உனுக்குத் தெரியுது. என் வூட்டு டிவில மூணு நாளா ஒரு சேனலும் தெரியல, அதுக்கு இன்னா சொல்ற?"

அமாவாசை அன்று வந்த போன்

போன கார்த்திகை அமாவாசை. மேல்மலையனூர் கோயிலுக்கு ஸ்பெஷல் பஸ்கள் நிரம்பிப் போய்க்கொண்டிருந்தன. காலையிலிருந்தே விட்டுவிட்டுத் தூறல், பஜாரில் ஈ காக்கை இல்லை. கடையில் நானும் செல்வியும்தான். செல்வி என் கடையில் ரீசார்ஜ், கம்ப்ளெயின்ட், கோபமாக வருகிறவர்கள் எல்லாவற்றையும் பார்த்துக்கொள்கிறவர். நாற்பத்தைந்து வயது. நாக்கு மட்டும் என்னைவிடப் பெரியது.

ஒரு மணிக்கு விமானப் பயிற்சிப் பள்ளி ஒன்றிலிருந்து போன். அவர்களுடைய இரண்டு பேர் உட்காரும் சின்னப் பயிற்சி விமானம் ஒன்று கடற்கரைப் பக்கமிருந்து கிளம்பி இன்னும் போய்ச் சேரவில்லை. ஒரு மாணவி தனியாக ஓட்டிக்கொண்டு போனாள். ரேடியோவில் கூப்பிட்டால் பதில் இல்லை. விழுந்தால் தானாகவே அபாய சிக்னல் அனுப்பும் கருவி ஒன்று உண்டாம், அதுவும் பேசவில்லை. கடைசியாக அதைக் கேட்டது என் குழாய்தான் என்று இணையதளத்தில் பார்த்திருக்கிறார்கள். நான் பதிவைத் திறந்தேன். புள்ளி அனந்தபுரத்தைத் தாண்டி, எங்கள் ஊரைத் தாண்டி, கோட்டை மலையான ராஜகிரிக்கு மேல் ஏறி, அதன் பின்பக்கக் காட்டில் முடிந்திருந்தது. நேரம் பதினொன்று நாற்பத்து மூன்று. அதற்குப் பிறகு ஒன்றுமில்லை.

"கோட்டைக்குப் பின்னாடி காடு சார். அங்கதான். என் டேட்டா தப்பாகாது" என்று சொல்லிவிட்டுப் போனை வைத்தேன். பதினாறு வருடத்தில் முதல் தடவையாக ஒருவர் என் குழாயை மதித்துக் கேட்டிருக்கிறார், அந்தப் பூரிப்பு குரலில் தெரிந்துவிட்டது போல. செல்வி என்னையே பார்த்தார். "ஒரு பொண்ணு காணாம பூட்டுது. நீ இன்னாண்ணா பரிசு வாங்கினவன் மாதிரி பேசற?"

அனந்தபுரத்துக்காரர்

இரண்டு மணிக்கு ஒருவர் தொப்பலாக நனைந்து பைக்கில் வந்து இறங்கினார். பெயர் ஏழுமலை. அனந்தபுரத்தில் எண்ணெய் செக்கு வைத்திருக்கிறார். அந்த மாணவி சங்கவி அவருடைய மகள். அவளுடைய போன் விடாமல் அடிக்கிறது, ஆனால் அது ஹாஸ்டல் அறையில் சார்ஜில் கிடக்கிறது என்று தோழி எடுத்துச் சொன்னாளாம். போலீஸ்காரர் யாரோ என் கடையைச் சொல்லி அனுப்பியிருந்தார்.

திரையைக் காட்டினேன். புள்ளிகள் முடியும் இடத்தைத் தொட்டுப் பார்த்தார், ஈரக்கை திரையில் பதிந்தது. செல்வி ஒரு துண்டைக் கொடுத்தார். அவர் துடைத்துக்கொள்ளாமல் கையிலேயே வைத்திருந்தார். "பதினொன்றரைக்கு மேல பாரு நைனான்னு சொல்லிச்சு. மாடில நின்னு பாத்தேன். நல்லாத்தான் போச்சு. பாத்துட்டு எறங்கி வந்து சோறு துன்ன உக்காந்துட்டேன் சார்."

கோட்டைக் காவலாளி

மூன்று மணிக்குப் புள்ளிகளை பிரிண்ட் எடுத்துக்கொண்டு கோட்டைக்குப் போனேன். போலீஸ், தீயணைப்பு, வனத்துறை என்று அறுபது எழுபது பேர் ராஜகிரிக்குப் பின்னால் முள்ளிலும் பாறையிலும் மழையில் தேடிக்கொண்டிருந்தார்கள். ஏழுமலை செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டுப் பாறைமேல் ஏறிக்கொண்டிருந்ததைத் தூரத்திலிருந்து பார்த்தேன். பார்க்கப் பொறுக்கவில்லை. இன்ஸ்பெக்டரிடம் தாளைக் கொடுத்து இடத்தை மறுபடி உறுதிப்படுத்தினேன்.

திரும்பும்போது கேட்டில் நின்ற காவலாளி ஒரு பீடி பற்றவைத்தபடி என்னிடம் பேச்சுக் கொடுத்தார். எனக்கு அப்போது கேட்கப் பொறுமை இல்லை. கம்ப்யூட்டர் சொல்வதை இவர் என்ன கண்டார் என்று வண்டியைக் கிளப்பிவிட்டேன். அவர் சொன்னது மட்டும் காதில் விழுந்தது. "அந்தப் பக்கம் ஒரு ஆடு சறுக்கி வுழுந்தாக்கூட எனுக்கு இங்க சத்தம் கேக்கும் சார். ஒரு பிளைட்டு வுழுந்து கேக்காதா?"

செல்வி கேட்டது

நாலு மணி. தேடியவர்களுக்கு ஒரு ஸ்குரூகூடக் கிடைக்கவில்லை. அந்தப் பள்ளியின் விமானங்கள் வழக்கமாக எந்த உயரத்தில் போகும் என்று பார்க்க, போன வாரப் பதிவுகளைத் திறந்தேன். நாலு விமானங்கள். நாலும் அனந்தபுரம் வழியாக வந்து, ஊரைத் தாண்டி, ராஜகிரிக்குப் பின்னால் கிட்டத்தட்ட அதே காட்டில் முடிந்திருந்தன. நான் அதைப் பார்த்தும் பார்க்காமல் உயரத்தை மட்டும் குறித்துக்கொண்டிருந்தேன்.

பின்னால் டீ கிளாஸோடு நின்ற செல்விதான் கேட்டார்: "ஏண்ணா, அப்போ போன வாரம் வந்த நாலு பிளைட்டும் இங்கியேதான் வுழுந்துச்சா?"

மலைக்கும் மலைக்கும் நடுவே

அப்போதுதான் உறைத்தது. இந்த சிக்னல் நேர்க்கோட்டில்தான் போகும், மலையைச் சுற்றி வளைந்து வராது. ராஜகிரிக்குப் பின்னால் தாழ்வாகப் பறக்கிற எதுவும் என் குழாய்க்குக் கேட்காது. கோட்டைப் பக்கம் குடியிருக்கிற ஒவ்வொரு வாடிக்கையாளரிடமும் "மலை மறைக்குதுங்க, நெட்டு வராதுங்க" என்று சொல்லிச் சொல்லியே தொழில் செய்கிறவன் நான். தினமும் கடை திறக்கும்போது அந்த மலையைப் பார்த்துக்கொண்டேதான் ஷட்டரைத் தூக்குகிறேன். அதே மலையை மறந்துவிட்டு, விமானம் முடிந்த இடம் என்று அறுபது பேரை அனுப்பிவைத்திருக்கிறேன். முடிந்தது விமானம் அல்ல, என் காது.

வரைபடத்தை விட்டுவிட்டு, குழாய் பிடித்த எல்லாவற்றையும் வரிவரியாகப் படித்தேன். இடம் சொல்லாமல் வெறும் உயரம் மட்டும் வரும் செய்திகள் சில உண்டு. இடம் தெரியாததால் அவை வரைபடத்தில் ஏறாது. சங்கவியின் விமான எண்ணில் அப்படி இரண்டு இருந்தன, மலைக்குப் பின்னால் மறைந்து ஐந்து நிமிடம் கழித்து. முதலாவது ஆயிரத்து இருநூறு அடி. அடுத்தது தொள்ளாயிரம். பறந்திருக்கிறாள், இறங்கிக்கொண்டே இருந்திருக்கிறாள். அவ்வளவு தாழ்விலிருந்து என் குழாய்க்குக் கேட்டது என்றால் எந்த வழியாக? மழையில் மாடிக்கு ஓடிக் குழாய்க்குப் பக்கத்தில் நின்று பார்த்தேன். ராஜகிரிக்கும் பக்கத்து மலையான சந்திரகிரிக்கும் நடுவே வானம் கொஞ்சம் திறந்திருந்தது. மலைக்குப் பின்னால் போனவளின் சத்தம் அந்தச் சந்து வழியாகத்தான் வந்திருக்க முடியும். கோட்டையைத் தாண்டித் தெற்கே திரும்புவது அவர்களுடைய வழக்கமான பாதையும்கூட. சந்தின் இரண்டு ஓரங்களையும் போனில் திசை பார்த்து, கீழே வந்து வரைபடத்தில் இரண்டு கோடு இழுத்தேன். பறந்த நேரத்தையும் சேர்த்துப் பார்த்தால் பனமலை ஏரிப் பக்கம் வந்தது.

இன்ஸ்பெக்டருக்குப் போன் போட்டேன். "மத்தியானம் மலைன்னீங்க. இப்ப ஏரின்றீங்க. ஆறு மணிக்குப் போன் பண்ணி கடல்னு சொல்லுவீங்களா?"

கரும்பு

திட்டினாலும் இன்ஸ்பெக்டர் ஒரு ஜீப்பை அனுப்பிவிட்டார். ஏழுமலை அதற்கும் காத்திருக்கவில்லை. பனமலையில் அவர் செக்குக்கு மணிலாக் கடலை கொண்டுவரும் விவசாயிகள் உண்டு. ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். பாதிப் பேர் மேல்மலையனூர் போயிருந்தார்கள். மிச்சமிருந்த மூன்று பேர் ஏரிக்குக் கீழே வயல் வயலாக இறங்கினார்கள். ஆள் உயரத்துக்கு ஒன்றரை மடங்கு நின்ற கரும்பு, ரோட்டிலிருந்து பார்த்தால் ஒரு தோகைகூடக் கலையவில்லை. உள்ளே நடுவில் மட்டும் ஒரு சந்துபோல மடங்கிக் கிடந்தது. அதன் கோடியில் விமானம் மூக்கைச் சேற்றில் புதைத்திருந்தது. சங்கவிக்கு நினைவு இருந்தது, பெல்ட்டில் தொங்கிக்கொண்டிருந்தாள். இடது கால் நசுங்கி மாட்டியிருந்தது. மணி ஐந்தரை.

கால் மாட்டிக்கொண்டு கிட்டத்தட்ட ஐந்தே முக்கால் மணி நேரம். அதில் மூன்று மணி நேரத்துக்கு மேல் நான் ராஜகிரியைக் காட்டிக்கொண்டிருந்தது. அந்த வயலுக்குச் சொந்தக்காரர் மறுநாள் என்னைப் பார்த்தபோது என்னைவிட அதிகமாகக் கூனிக் குறுகிப்போயிருந்தார். "சத்தம் கேட்டுது சார். கரும்புல பன்னி பூந்துட்டுதுன்னு நெனச்சேன். மழையில யாரு போறதுன்னு படுத்துட்டேன்."

ஆஸ்பத்திரியில்

மூன்று வாரம் கழித்துத்தான் போய்ப் பார்க்கத் தைரியம் வந்தது. காலில் இரண்டு ஆபரேஷன் முடிந்திருந்தது. நடப்பாள், பறப்பாளா என்று சொல்ல முடியாது என்றார்கள். ஏழுமலை என் கையைப் பிடித்துக்கொண்டு, சார் இல்லேன்னா என் பொண்ணு இல்ல என்று வார்டில் எல்லோருக்கும் என்னைக் காட்டினார். எனக்கு அங்கே நிற்கவே கூசியது. அவர் காபி வாங்கப் போன நேரம் பார்த்துச் சங்கவியிடம் உண்மையைச் சொன்னேன். மதியமே வந்திருக்க வேண்டியவர்கள், நான்தான் வேறு பக்கம் அனுப்பிவிட்டேன், கால் இப்படி ஆனதில் எனக்குப் பங்கு உண்டு என்றேன். அவள் கதவைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

விமானத்தில் இரண்டு இறக்கையிலும் ஒவ்வொரு டேங்க் இருக்கும், பாதி வழியில் ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாற்ற வேண்டுமாம். அனந்தபுரத்துக்கு மேலே அவளுடைய புள்ளி ஒரு வட்டம் போட்டிருந்ததை நான் அன்றே பார்த்தேன், கேட்கத்தான் தோன்றவில்லை. "வூட்டுக்கு மேல ஒரு சுத்து சுத்தி நைனாவுக்குக் கை காட்டினு இருந்தேன் சார். டேங்க் மாத்த மறந்துட்டேன். இஞ்சின் நின்னப்பறமும் அது ஞாபகத்துக்கு வரல. அவருக்கு மட்டும் சொல்லிடாதீங்க, மாடில நின்னதே தப்புன்னு நெனச்சிக்குவாரு."

ஏழுமலை கடைக்கு வந்தது

பல மாதம் கழித்து சங்கவி மறுபடி பயிற்சிக்குப் போய்விட்டாள். லேசாகச் சாய்ந்து நடக்கிறாள், ஓட்டுவதற்குத் தடையில்லையாம். விபத்துக்குப் பிறகு முதல் தடவை தனியாகப் பறந்த அன்று ஏழுமலை மாடிக்குப் போகாமல் என் கடைக்கு வந்தார். திரைக்கு முன்னால் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தார். இந்த முறை அனந்தபுரத்தின் மேல் வட்டம் இல்லை, புள்ளி நேராகப் போயிற்று. அவள் போய் இறங்கிவிட்டாள் என்று போன் வந்தது. அதற்கப்புறமும் அவர் எழுந்திருக்கவில்லை. செல்வி உள்ளே போகும்வரை காத்திருந்து என் பக்கம் குனிந்தார்.

"ஒரு சுத்து சுத்திட்டுப் போம்மான்னு மொதநாளு போன்ல நான்தான் கேட்டேன் சார். அந்த ஒரு சுத்துலதான் டேங்க் மாத்த மறந்து எல்லாம் கெட்டுச்சுன்னு பள்ளில சொன்னாங்க. என் பொண்ணு என்னைக் காப்பாத்த வாயத் தொறக்கல. எனக்குத் தெரியும்னு அதுகிட்ட சொல்லிடாதீங்க."

இரண்டு பேரும் என்னிடம் சொல்லாதே என்றுதான் சொன்னார்கள், ஆனால் இந்தப் பக்கத்துச் சிக்னலை அந்தப் பக்கம் கொண்டுபோய்ச் சேர்ப்பதைத் தவிர வேறு தொழில் தெரியாதவனிடம் சொல்லியிருக்கக் கூடாது.