சிங்கத்தின் ஊசி நாள்

எதிர்வீட்டுப் பெண் தன் நாய்க்குட்டியைத் தூக்கிக் காட்டி, "வயிறு எப்படிக் கும்முனு இருக்கு பாருங்கக்கா, நல்லா சாப்பிடுறான்" என்றாள். "முதல்ல பூச்சி மருந்து குடு" என்றேன். பாவம், அவள் முகம் சுருங்கிவிட்டது. நாங்களும் ஒரு காலத்தில் அப்படித்தான் பூரித்துப்போனோம்.

பழவேற்காடு ஏரிக்குள் இருக்கும் எங்கள் தீவு, பசியாவரத்தில் எங்கள் சிங்கத்துக்கும் அதே வயிறுதான். பெயரில் மட்டும்தான் சிங்கம். ஆரம்பாக்கத்து அத்தை தெருவில் திரிந்த நாய்க்கும் நெடுஞ்சாலை ஓட்டல்காரரின் அல்சேஷனுக்கும் பிறந்தது. ஒரு காது நிற்கும், ஒன்று தொங்கும். கரையில் கிடக்கும் மீன் குடலையெல்லாம் தின்றுவிட்டு உருண்டு வரும். பூச்சி மாத்திரையை இறாலுக்குள் வைத்துக் கொடுத்தால் இறால் உள்ளே போகும், மாத்திரை என் காலடியில் விழும். கடைசியில் டாக்டர் கொடுத்த தண்ணி மருந்துதான் வேலை செய்தது. மறுநாள் வாசலில் நான் பார்த்ததை நீங்கள் சாப்பிடும் நேரத்தில் சொல்லக்கூடாது.

பூச்சி போனபின் முதல் தடுப்பூசி. அடுத்ததற்குள் அத்தையிடமிருந்து போன் வந்தது. கூடப் பிறந்த இரண்டு குட்டிகளும் ரத்தமாய்ப் பேதியாகிச் செத்துவிட்டனவாம். எங்கள் ஊரிலும் ஒரு குட்டி படுத்துவிட்டது. பழவேற்காட்டுக்கு டாக்டர் வாரத்தில் ஒரு நாள்தான் வருவார். சரியாக அந்த நாளில் என் அப்பாவுக்கு, நைனாவுக்கு, பாடு. ஏரியில் நல்ல இடத்தில் வலை போட முறைவைத்து வரும் நாளைத்தான் பாடு என்போம். விட்டால் அடுத்த முறைக்குக் காத்துக்கிடக்க வேண்டும். வீட்டில் இருந்ததோ ஒரே படகு. நாயைத் தூக்கி வந்ததற்கே என்னோடு முகங்கொடுத்துப் பேசாதவர் நைனா. அதனால் நான் கேட்கவே இல்லை.

விடிந்து பார்த்தால் குட்டியைத் துண்டில் சுற்றிக்கொண்டு அவரே படகில் உட்கார்ந்திருக்கிறார்.

"நைனா, இன்னிக்கு நம்ம பாடாச்சே?"

"பாடு இன்னொரு தபா வரும். இன்னா முழிச்சிக்கினு நிக்கிற, ஏறு."

ஊசி ஏறும்போது சிங்கம் ஊரைக் கூட்டியது. கண்ணை மூடிக்கொண்டது நைனாதான்.

ஊரில் படுத்த குட்டி பிழைக்கவில்லை. எங்களுடையது பிழைத்து, தடிமாடாய் வளர்ந்தது. நான் வேலைக்குப் பொன்னேரி வந்துவிட்டேன். வருஷா வருஷம் வெறிநாய் ஊசிக்கு நைனாவும் சிங்கமும் மட்டும் படகேறிப் போனார்கள். எங்கள் வீட்டில் யாரும் யாருக்கும் நன்றி சொல்லிப் பழக்கமில்லை. அந்த ஒரு நாளுக்காக நைனாவுக்கு அதை இங்கே சொல்லிவிடுகிறேன்.

இப்போது அவரும் இல்லை, நோய்நொடி இல்லாமல் கிழடாகி சிங்கமும் போய்ச் சேர்ந்துவிட்டது. நைனா இறந்த வருஷம் சிங்கத்தை ஊசிக்கு நான்தான் அழைத்துப் போனேன். படகை அவிழ்த்த பிறகும் அது ஏறவில்லை. கரையில் நின்று வீட்டுப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தது. இழுத்து ஏற்ற எனக்கு மனம் வரவில்லை. கொஞ்ச நேரம் நானும் அதோடு நின்று அந்தப் பக்கம் பார்த்தேன்.