டிக்கியில் வந்த மாப்பிள்ளை

சென்னையிலிருந்து வந்திருந்த உறவுக்காரப் பெண் போன வாரம் என்னைக் கடைக்கு அழைத்துப் போனாள். வாங்கிய துரியான் பழங்களை எங்கே வைப்பது என்று நான் காரைச் சுற்றி வந்தபோது, "டிக்கியில போட்டுடுங்க பெரியம்மா" என்றாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இங்கே பினாங்கில் நாங்கள் அதைப் பூட் என்போம். டிக்கி என்ற சொல்லை நான் கேட்டே பல வருஷம் ஆகிறது. அவளுக்கு டிக்கி என்றால் சாமான் போடும் இடம். எனக்கு அது நான் காற்று வாங்கிக்கொண்டு உட்கார்ந்து வந்த இடம். எங்கள் வீட்டில் ஒரு கல்யாணம் நிச்சயமான இடமும் அதுதான். எதற்குச் சிரிக்கிறேன் என்று அவள் கேட்டாள். வீடு போய்ச் சேர்வதற்குள் சொல்லி முடிகிற கதையா அது?

அப்போது எனக்கு ஏழு வயது இருக்கும். யுத்தத்துக்கு முந்தைய காலம். அம்மாவின் தம்பி, அதாவது என் மாமா, ஒரு துரையிடம் கார் ஓட்டினார். அந்தக் காரின் முன்பக்கம் ஒரே ஒரு நீளச் சீட்டு, அதற்கு மேல் கான்வாஸ் கூரை, அவ்வளவுதான். ஆனால் பின்பக்கம் ஒரு கைப்பிடி இருக்கும். அதைத் திருகி இழுத்தால் மூடி மல்லாந்துகொள்ளும். மூடியின் உட்புறமே முதுகு சாய்கிற மெத்தையாகிவிடும், கீழே உட்கார இன்னொரு மெத்தை. மடக்கி மூடிவிட்டால் கார் ஒன்றும் அறியாத பிள்ளைபோல நிற்கும். அந்த மடக்குச் சீட்டுக்குத்தான் டிக்கி என்று பெயர். அதற்குக் கூரை கிடையாது. வெயில், மழை, தூசி எல்லாம் அதில் இருப்பவருக்கே.

குதிரை வண்டிக் காலத்திலேயே இந்தப் பெயர் உண்டு என்பார் மாமா. வண்டிக்காரன் உட்காரும் பலகையும் டிக்கிதான், வேலைக்காரர்கள் பின்னால் தொற்றிக்கொண்டு வந்த பலகையும் டிக்கிதான். மோட்டார் வந்ததும் குதிரையை அவிழ்த்து விட்டுவிட்டுப் பெயரை மட்டும் வைத்துக்கொண்டார்களாம். துரை தானே ஓட்ட ஆசைப்பட்டால் மாமா டிக்கிக்குப் போவார். துரைசானி நாயையும் கூட்டி வந்தால் நாயும் மாமாவும் டிக்கியில். ஆகப் பெரியவர்கள் கணக்கில் அது மரியாதைக் குறைவான இடம். எங்கள் தெருப் பிள்ளைகளுக்கோ அது சொர்க்கம்.

எங்கள் வீட்டில் அந்த வருஷம் பெரிய கவலை ஒன்று இருந்தது, அப்பாவின் கடைசித் தங்கையைப் பற்றி. அவரை நான் அத்தை என்பேன். பெண்கள் பள்ளிக்கூடத்தில் டீச்சர். காலையில் வெள்ளைச் சேலை உடுத்தி, குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு அவர் புறப்படுகிற அழகுக்காகவே நானும் டீச்சராக வேண்டும் என்று நினைத்திருக்கிறேன். வந்த இரண்டு மாப்பிள்ளை வீட்டாரும் கல்யாணத்துக்குப் பின் வேலை கூடாது என்று தரகர் மூலம் சொல்லி அனுப்பினார்கள். இரண்டையும் அத்தை வேண்டாம் என்றுவிட்டார். மூன்றாவது ஒன்று வந்தபோது, அந்த மனிதரிடம் தானே ஒரு வார்த்தை கேட்க வேண்டும் என்றார். ஒரே ஒரு வார்த்தை.

பெரிய அத்தை, அப்பாவின் அக்கா, நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். பெண்ணாவது, மாப்பிள்ளையிடம் நேரில் கேள்வி கேட்பதாவது. இந்தச் சம்பந்தமும் தட்டிப்போனால் அத்தையை அடுத்த கப்பலில் நாகப்பட்டினத்துக்கு அனுப்பி, அங்கே ஒருவனைப் பார்த்து முடித்துவிடுவது என்று அவரே தீர்மானமும் செய்தார். துறைமுக ஆபீஸில் வேலை பார்த்த அப்பா வீட்டிலும் கழுத்துப் பட்டி கழற்றாத மனிதர். அடுப்படியில் கரண்டி விழுந்தால்கூட யார் என்று திரும்பிப் பார்த்து முறைக்காமல் விடமாட்டார். அவரிடம் போய் யார் எதைக் கேட்பது? அத்தை அந்த ராத்திரி அழுதார். அவர் பக்கத்தில் படுத்திருந்த எனக்குத் தெரியும்.

கடலுக்கு அக்கரையில், புக்கிட் மெர்தாஜாம் தேவாலயத்தில் அன்னம்மாள் திருவிழா வந்தது. பெண் பார்ப்பதை அங்கேயே வைத்துக்கொள்வதாகப் பேச்சு. மாப்பிள்ளை பினாங்கு ஆஸ்பத்திரியில் காயத்துக்குக் கட்டுப் போடும் டிரெஸ்ஸர். அவருடைய அப்பா சுங்கை பாக்காப் பக்கத்து எஸ்டேட்டில் கணக்கு எழுதும் கிராணி, வெள்ளைக் கோட்டும் சங்கிலிக் கடிகாரமும் உள்ளவர். தாய் இல்லை. துரை லீவில் சீமைக்குப் போயிருந்தார். காரை ஓட்டாமல் வைத்தால் பேட்டரி செத்துவிடும், அவ்வப்போது ஓட்டு என்று மாமாவிடம் சொல்லியிருந்தார். எவ்வளவு தூரம் ஓட்டு என்று சொல்லவில்லை. ஆகவே அப்பாவும் நானும் காரில் போனோம். அம்மாவும் அத்தைகளும் சாப்பாட்டுப் பாத்திரங்களோடு பஸ்ஸில் வந்தார்கள்.

பூசை முடிந்து ஒரு மரத்தடியில் பாய் விரித்தோம். அத்தை காப்பி கொடுத்தார். பெரிய அத்தையும் கிராணியும் மட்டுமே பேசினார்கள். மாப்பிள்ளை குனிந்து தன் காலில் இருந்த சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அத்தையும் அந்தச் சப்பாத்தைத்தான் பார்த்தார். அப்படி என்ன இருக்கிறது என்று நானும் பார்த்தேன். நல்ல சப்பாத்துதான்.

திரும்பும் நேரத்தில் மாமா வேலையைக் காட்டினார். கிராணி மகனோடு சில நாள் தங்குவதற்காகப் பினாங்குக்கு வருவதாக இருந்தார். அவர்கள் இருவரையும் காரில் ஏற்றிக்கொள்வதாகப் பேச்சு. பெண்கள் மூன்று பேரும் வந்தபடியே பஸ்ஸில் போக வேண்டியது. பஸ்ஸில் கூட்டம் நெருக்கியடித்தது. மாமா அம்மாவையும் பெரிய அத்தையையும் பாத்திரங்களையும் உள்ளே திணித்துவிட்டு, கீழே நின்ற அத்தையைக் காட்டி, "இதுக்கு மேல இடமில்ல. இவங்க அண்ணனோட கார்ல வரட்டும்" என்றார். கார்ல யார் யார், எங்கே எங்கே என்று பெரிய அத்தை ஜன்னல் வழியாகக் கேட்க ஆரம்பித்தார். மாமா பஸ்ஸின் பக்கத்தில் இரண்டு தட்டுத் தட்டினார். கண்டக்டர்தான் தட்டினார் என்று நினைத்து டிரைவர் வண்டியை எடுத்துவிட்டார். பெரிய அத்தையின் கேள்வி தூசியோடு போயிற்று.

அடுத்தது சீட்டுப் பிரச்னை. மாமா கைப்பிடியைத் திருகி டிக்கியைத் திறந்து வைத்தார். கிராணி அதைப் பார்த்து மூக்கைச் சுருக்கினார்.

"எங்க எஸ்டேட்டுல இதுல தொரையோட நாய்தான் வரும்."

"நீங்க முன்னால உட்காருங்க ஐயா. நான் இதுல வர்றேன்" என்றார் அப்பா.

"பொண்ணுக்கு அண்ணன் நீங்க. உங்கள பின்னால ஏத்திட்டு நான் முன்னால வந்தா நல்லாவா இருக்கும்? நானே ஏறுறேன்."

இப்படியே மாறி மாறி இருவரும் மட்கார்டில் ஒரு காலை வைப்பதும், மற்றவர் கையைப் பிடித்து இறக்குவதுமாக இருந்தார்கள். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்த மாமா, "ரெண்டு பேருமே முன்னால உட்காருங்க. நான் ஒடுங்கிக்கிறேன்" என்றார். இருவர் மரியாதையும் பிழைத்தது. அந்த நிம்மதியில் ஏறி நெருக்கி உட்கார்ந்தார்கள். தரையில் மீதி நின்றது யார் என்று அதற்குப் பிறகுதான் கவனித்தார்கள். அத்தை, டிரெஸ்ஸர், நான்.

"நான் பஸ்ஸுல வந்துடுறேன்" என்றார் டிரெஸ்ஸர். அவர் பேசி நான் கேட்ட முதல் வார்த்தை அது.

"பஸ் போயிருச்சே" என்றார் மாமா. எதிரே இன்னொரு பஸ் நின்றது. நான் விரல் நீட்டிக் காட்டினேன். அது வேறு ஊருக்குப் போகிறது என்று என் விரலை மடக்கினார்.

"பொண்ணும் பையனும் ஒண்ணாவா?" என்று கிராணி இழுத்தார்.

"நடுவுல பாப்பா இருக்காளே" என்றார் மாமா. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

எல்லாரும் அப்பா முகத்தைப் பார்த்தார்கள். அப்பா கையைப் பின்கழுத்தில் வைத்து முகம் சுளித்தார். "கழுத்து பிடிச்சுக்கிச்சு. திரும்ப முடியல. வண்டிய எடு மச்சான், நேரமாவுது" என்றார். அதோடு, காற்று அடிக்கிறது என்று சொல்லி, கூரையின் பின்புறமிருந்த சின்ன ஜன்னல் படுதாவையும் கையை மட்டும் பின்னால் விட்டுத் தடவி இறக்கிவிட்டார். கோபமாக இருக்கிறார் என்று நினைத்தேன்.

சேலையோடு மட்கார்டில் ஏறுவது லேசான காரியமில்லை. டிரெஸ்ஸர் முதலில் ஏறி, வானத்தைப் பார்த்துக்கொண்டே கையிலிருந்த குடையின் பிடியை நீட்டினார். அத்தை அதைப் பற்றிக்கொண்டு ஏறினார். என்னை நடுவில் செருகிக்கொண்டார்கள்.

அந்தச் சவாரியை எப்படிச் சொல்ல. தென்னை மரங்கள் தலைக்கு மேல் ஓடின. வழியில் மலாய்க் கிராமங்கள், அந்தக் கம்பத்துப் பிள்ளைகள் கையாட்டிக்கொண்டு கூடவே ஓடி வந்தார்கள். என் ரிப்பன் அவிழ்ந்து பறந்தது, நான் கவலைப்படவில்லை. கொஞ்ச தூரம் போனதும் அத்தை எனக்கு மேலாக என்னவோ சொன்னார்.

"காத்துல கேக்கல. சத்தமா சொல்லுங்க" என்றார் டிரெஸ்ஸர்.

அத்தை என் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, வகுப்பில் பாடம் சொல்லும் குரலில், "கல்யாணத்துக்கு அப்புறமும் நான் ஸ்கூலுக்குப் போவேன்" என்றார்.

அவர் கொஞ்சம் யோசித்தார். "காலையில எத்தன மணிக்குப் போவணும்?"

"ஏழு மணிக்கு."

"அப்போ காலையில பசியாற நான்தான் செய்யணும்" என்றார். "எனக்கு இட்லியெல்லாம் வராது. ரொட்டியும் காப்பியும்தான். பரவால்லயா?"

தூறல் போட ஆரம்பித்தது. டிரெஸ்ஸர் குடையை விரித்தார். விரித்த வேகத்தில் காற்று அதைப் பிடுங்கி, மறுபக்கம் திருப்பி, வயலில் வீசியது. அத்தை சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை. கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். நானும் சிரித்தேன். மாமா காரை நிறுத்தினார். டிரெஸ்ஸர் குதித்து, அந்த நல்ல சப்பாத்தோடு சேற்றில் ஓடினார்.

"என்ன சத்தம் அங்க?" என்று கிராணி முன்னாலிருந்து கேட்டார்.

"பாத்து ஐயா. நீங்களும் திரும்பி, என்னப் போல பிடிச்சுக்கப் போவுது" என்றார் அப்பா. கிராணி திரும்பவில்லை.

பட்டர்வொர்த்தில் கார் ஃபெரியில் ஏறியதும் பெரியவர்கள் இறங்கிக் காலை நீட்டினார்கள். டிக்கியில் அவர்கள் இருவரும் அப்படியே இருந்தார்கள், உடைந்த குடையை எப்படிச் சரி செய்வது என்று பேசிக்கொண்டு. நான் அப்பாவிடம் ஓடினேன். அவர் கம்பியைப் பிடித்துக்கொண்டு, கரை வரும்வரை கடலையே பார்த்து நின்றார். அத்தை இன்னும் சிரிக்கிறார், வந்து பாருங்கள் என்று இழுத்தேன். "கழுத்து திரும்ப மாட்டேங்குதும்மா" என்றார். பாவமாக இருந்தது.

வீட்டில் பெரிய அத்தை வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டார். டிக்கியில் யார் வந்தது என்று கேட்டார். சொன்னேன். என்ன பேசினார்கள் என்று கேட்டார். ரொட்டியைப் பற்றி என்றேன். அவர் அப்பாவிடம் போனார்.

"நீ முன்னால இருந்தியே தம்பி, ஒரு தடவ திரும்பிப் பாத்தியா?"

"எங்கேக்கா பாக்குறது. கழுத்து."

பெரிய அத்தை கோபக்காரர்தான், ஆனால் தம்பிக்கு வலி என்றால் தாங்கமாட்டார். ஜாதிக்காய் எண்ணெயைச் சூடாக்கி எடுத்துவந்து, அப்பாவை மணையில் உட்கார வைத்து, அழுத்தித் தேய்க்க ஆரம்பித்தார். அவருக்கு இருந்த ஆத்திரமெல்லாம் கட்டைவிரலில் இறங்கியது. அப்பா பல்லைக் கடித்துக்கொண்டார். மாமா எதையோ எடுக்கப்போவதுபோல வெளியே போய்விட்டார். அவர் தோள் குலுங்கியதை நான் பார்த்தேன், அழுகிறார் என்று நினைத்தேன். சமையலறை வாசலில் நின்ற அத்தை, "எனக்குச் சம்மதம் அண்ணே" என்று மெல்லச் சொன்னார். அப்பா எண்ணெய்க் கழுத்தோடு தலையை ஆட்டினார்.

மறுநாள் காலை பின்கட்டில் பாத்திரம் ஒன்று விழுந்தது. அப்பா சட்டென்று திரும்பி முறைத்தார். ஒரே ராத்திரியில் குணமாகிவிட்டதே என்று நான் வியந்துபோனேன். அன்றிலிருந்து கழுத்து வலி என்று யார் சொன்னாலும் ஜாதிக்காய் எண்ணெயைத்தான் சிபாரிசு செய்தேன்.

அத்தைக்குக் கல்யாணம் நடந்தது. அவர் கடைசிவரை டீச்சராக இருந்தார், கடைசிவரை காலையில் ரொட்டிதான் பசியாறினார். எங்கள் வீட்டில் டிக்கி என்ற சொல்லும் அன்று முதல் வேறு வேலைக்குப் போயிற்று. யார் வீட்டில் சம்பந்தம் பேசினாலும் மாமா, "டிக்கி ஆச்சா?" என்று கேட்பார். பெரியவர்கள் சிரிப்பார்கள். கார் சவாரியைச் சொல்கிறார் என்று நானும் சேர்ந்து சிரிப்பேன்.

யுத்தம் வந்தது, அந்தக் கார் போன இடம் தெரியவில்லை. எல்லாம் அடங்கியபின் என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். காப்பி ஆனதும் வந்தவர்களுக்குப் பின்கட்டுத் தோட்டத்தைக் காட்டவேண்டும் என்று அம்மாவுக்கு என்னவோ அவசரம். எல்லாரையும் அழைத்துப் போனார். கூடத்தில் நான், வந்த மாப்பிள்ளை, அப்பா மூவர்தான். அப்பா பின்கழுத்தில் கையை வைத்தார். "பிடிச்சுக்கிச்சு" என்று முனகினார். தன் நாற்காலியைத் தெருப்பக்க ஜன்னலை நோக்கித் திருப்பிப் போட்டு, எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார்.

நான் பதறி எழுந்தேன். ஜாதிக்காய் எண்ணெய் அலமாரியில்தான் இருந்தது. பின்கட்டு வாசலுக்குள் தலையை மட்டும் நீட்டிய அம்மா, "எண்ணெய் வேணாம். நீ உட்காரு" என்றார்.

உட்கார்ந்தேன். எதிரே இருந்தவர் தொண்டையைக் கனைத்துக்கொண்டார். அப்பா தெருவையே பார்த்துக்கொண்டிருந்தார். அத்தனை வருஷத்தில் அப்போதுதான் அந்த எண்ணெய்மேல் எனக்கு முதல்முறையாகச் சந்தேகம் வந்தது.