உள்ளங்கையில் என் வீட்டு நம்பர்

அந்த அம்மாவை நான் முதலில் பார்த்தபோது மலேசியாவில் கிள்ளான் பக்கம் எங்கள் தாமான் குடியிருப்புக்கு ஊராட்சி மன்ற உறுப்பினராக இருந்தார். மழைத் தண்ணீர் வீட்டுக்குள் ஏறிய அன்று காலையிலேயே ரப்பர் பூட்ஸோடு வாசலில் வந்து நின்றார். குட்டையான உருவம், நெற்றியில் பெரிய பொட்டு. எந்தப் புகாரையும் பேனாவால் உள்ளங்கையில்தான் எழுதுவார்.

"தாள்ல எழுதினா தொலஞ்சிரும்ண்ணே. இதுன்னா சோறு சாப்பிடும்போது கண்ணுல படும்," என்றார். மறுநாளே கால்வாயைத் தோண்ட ஆட்களோடு லோரி வந்துவிட்டது.

பிறகு சட்டமன்றத்துக்குப் போனார். இப்போது நாடாளுமன்ற உறுப்பினர். நாங்கள்தான் வீடு வீடாக ஓட்டுக் கேட்டு அனுப்பி வைத்தோம்.

போன தீபாவளி விருந்தில் பட்டுப்புடவையோடு நின்றவரிடம், மறுபடியும் தண்ணீர் ஏறுவதைச் சொன்னேன். நான் சொல்லாமலேயே என் வீட்டு நம்பரை உள்ளங்கையில் எழுதிக்கொண்டார். எழுதிவிட்டு அதையே பார்த்தார்.

"கால்வாய் ஊராட்சி மன்றத்துக்குக் கீழண்ணே. பார்லிமெண்ட்ல கேட்டா, எங்க இலாகா இல்லங்கிறாங்க. இப்ப உள்ள கவுன்சிலர் நான் கூப்பிட்டா போனே எடுக்கிறதில்ல லா."

"அப்ப நாங்க யார்கிட்டம்மா போறது?"

அவர் உள்ளங்கையை மூடிக்கொண்டார்.

"நீங்க கூப்பிட்டுப் பாருங்கண்ணே. எடுத்தார்னா, நான் அவருக்குப் போட்ட லெட்டர் என்னாச்சுன்னும் கேளுங்க."

அன்று அவர் சாப்பிட உட்கார்ந்தபோது என் வீட்டு நம்பர் கண்ணில் பட்டிருக்கும். சோறு இறங்கியிருக்குமா என்று இன்றும் தெரியவில்லை.