கழன்று விழாத பொத்தான்

அகதி முகாமின் பொது அறையில் ஒரு தொலைக்காட்சி இருந்தது. ஜெர்மன் ஒரு சொல்லும் புரியாத அந்த நாட்களில் நான் விரும்பிப் பார்த்தது ஓர் ஆங்கிலேயரின் நகைச்சுவை நிகழ்ச்சியை மட்டும்தான். அவர் வாயே திறக்கமாட்டார். நீளக் கோட்டு ஒன்றைப் போட்டுக்கொண்டு கதவோடும் கதிரையோடும் மல்லுக்கட்டுவார். கடைசியில் கோட்டின் பொத்தான் கழன்று விழும். அதை அவர் பார்க்கும் பார்வையில் அறையே வயிறு குலுங்கச் சிரிக்கும். அந்த நாட்களில் என்னைச் சிரிக்க வைத்தவர் வேறு யாருமில்லை.

இரண்டாயிரம் பிறந்து சில வருடங்களில், ஹம்பேர்க் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு சலவைக் கடையில் எனக்குத் தையல் வேலை கிடைத்தது. முதல் ஆறு மாதம் சோதனைக் காலம். அதைத் தாண்டி நிரந்தர ஒப்பந்தம் கைக்கு வந்தால்தான் யாழ்ப்பாணத்தில் இருந்த மனைவிக்கு விசா. கடைசி வாரத்தில் வந்து சேர்ந்தது ஒரு பழைய கோட்டு.

ஒரு சிறிய நாடக அரங்கிலிருந்து சலவைக்கு மட்டும் கொடுத்திருந்தார்கள். பொத்தான், எங்கள் பேச்சில் தெறி, ஒற்றை நூலில் தொங்கியது. தொங்கும் பொத்தானைக் கண்டால் என் கை சும்மா இருக்காது. அது எனக்கு உள்ள வியாதி.

"சீட்டிலை சலவை எண்டுதானே கிடக்கு. தெறியிலை கை வையாதேங்கோ தம்பி," என்றார் இஸ்திரி போடும் அக்கா.

"இப்பிடிக் குடுத்தால் கடைக்குத்தான் அக்கா மானக்கேடு," என்றேன். கறுப்பு நூல் முடிந்திருந்தது. கருநீல நூலை இரட்டையாகக் கோத்து, யார் இழுத்தாலும் வராதபடி தைத்தேன்.

அடுத்த நாள் மாலை அரங்கிலிருந்து தொலைபேசி வந்தது. நிகழ்ச்சிக்கு ஒரு மணி நேரம்தான் இருக்கிறது, பொத்தானைத் தைத்துக் கோட்டைக் கெடுத்துவிட்டீர்கள் என்றார்கள். முதலாளி சிவந்துபோனார். போய்ப் பிரித்துவிட்டு வா, ஒப்பந்தத்தைப் பற்றி நாளைக்குப் பேசுவோம் என்றார்.

ஒப்பனை அறையில் நின்றவர் அந்த ஆங்கிலேயரேதான். தலை நரைத்து, உடல் வற்றியிருந்தார். அவருடைய நாட்டுத் தொலைக்காட்சி அவரை மறந்து வெகுகாலமாம். பழைய நிகழ்ச்சிகளை இன்னும் பார்க்கும் ஜெர்மன்காரரை நம்பி, ஊர் ஊராகச் சின்ன மேடைகளில் நடித்து வந்தாராம். அரங்க ஊழியர் ஒருவர் சொன்னது இது.

நான் கத்தரிக்கோலை எடுத்தேன். அவர் என்னை மறித்து, பொத்தானை ஒரு முறை இழுத்தார். வரவில்லை. காலைச் சுவரில் ஊன்றிக்கொண்டு இழுத்தார். பிறகு என்னைப் பார்த்தார். முகாமில் பார்த்த அதே பார்வை. பயத்தில் செத்துக்கொண்டிருந்த நான் சிரித்துவிட்டேன்.

இப்படியே இருக்கட்டும் என்றார், உடைந்த ஜெர்மனில். அன்று மேடையில் அந்தப் பொத்தானோடு கால் மணி நேரம் போராடினார். சபை எழுந்து நின்று கைதட்டியது. மறுநாள் ரயிலுக்குப் போகும் வழியில் கடைக்கு வந்து முதலாளியின் கையைப் பிடித்து, இவ்வளவு உறுதியான தையலைத் தன் தொழிலில் கண்டதில்லை என்று சொல்லிவிட்டுப் போனார். முதலாளி அந்த வாரமே ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டார்.

"உங்களுக்கு நல்ல காலம். இனியெண்டாலும் சீட்டை வாசியுங்கோ," என்றார் அக்கா.

சில வருடங்களில் அவருடைய நாட்டுத் தொலைக்காட்சி அவரைத் திரும்ப அழைத்தது. புது நிகழ்ச்சி எங்கள் வீட்டுப் பெட்டியிலும் வந்தது. அதே கோட்டு, ஆனால் என்ன செய்தாலும் கழலாத பொத்தான்.

"உது நான் தைச்சது," என்றேன் மனைவியிடம்.

"சும்மா புளுகாதேங்கோ."

அப்போது பொத்தானைக் கிட்டத்தில் காட்டினார்கள். கருநீல நூல். அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். அவளை என் பக்கத்தில் கொண்டுவந்து இருத்திய மனிதருக்கு நான் ஒருநாளும் நன்றி சொன்னதில்லை. அன்று பெட்டியைப் பார்த்து, தமிழிலேயே சொன்னேன்.